அப்பாவை ஒரு படம் எடு

அன்புள்ள மருமகளுக்கு,

பள்ளிப் போட்டிக்கு நீ கொடுத்த படத்தைப் பார்த்துவிட்டு, "அப்பா எடுத்துக் கொடுத்ததா?" என்று கேட்டார்களாமே. உன் அம்மா போனில் சொன்னாள். எனக்கு மனசே ஆறவில்லை. பேர்பெற்ற போட்டோகிராபர் வீட்டுப் பிள்ளை நன்றாக எடுத்தால் ரத்தத்திலேயே இருக்கிறது என்பார்கள். சுமாராக எடுத்தால் அப்பா மாதிரி வராது என்பார்கள். இரண்டு பேச்சிலும் நீ இல்லை.

போட்டோகிராபர் ரகு ராயைத் தெரியும்தானே? 1984 போபால் விஷவாயுக் கொடுமையில், மண்ணுக்குள் போகும் குழந்தையின் முகத்தை எடுத்தவர். அவருக்கும் முன்னால் ஒருவர் இருந்தார். அண்ணன் எஸ். பால், பெரிய போட்டோகிராபர். தம்பி எடுத்த கழுதைக்குட்டிப் படத்தை லண்டன் 'டைம்ஸ்' நாளிதழுக்கு அனுப்பியதே அந்த அண்ணன்தான். ரகு ராயின் மகள் அவனி ராய் என்ன செய்தார் தெரியுமா? கேமராவை அப்பா பக்கமே திருப்பிவிட்டார். அவரோடு காஷ்மீருக்குப் போய், அவர் படம் எடுப்பதை இவர் எடுத்தார். 2017-இல் அது ஆவணப்படமாக வந்தது.

அவ்வளவு தூரம்கூடப் போக வேண்டாம். நம் மதுரைக்காரர் எம். பழனிக்குமார், மீன் விற்ற தாயின் மகன். துப்புரவுத் தொழிலாளர்களின் வாழ்க்கையை வருஷக்கணக்கில் எடுத்தவர், தன் அம்மாவின் உழைப்பையும் அதே கண்ணோடு எடுத்தார். 2022-இல் முதல் 'தயானிதா சிங்–பாரி' ஆவணப் புகைப்பட விருது அவருக்குத்தான். அந்த விருதை ஏற்படுத்திய தயானிதா, நோனி சிங் என்ற போட்டோகிராபரின் மகள்.

உன் வீட்டு ஆல்பத்தைப் புரட்டு. அப்பா இருக்கும் படம் எத்தனை? அழகர் ஆற்றில் இறங்கும்போது ஊரே குடும்பத்தோடு சர்க்கரைச் சொம்பும் கையுமாக நிற்கும். அப்பா கேமராவோடு போய்விட, நீயும் அம்மாவும் மட்டும் தனியாக நிற்பீர்கள். அதில் உனக்கு வரும் கோபம் நியாயமானதுதான், அதை விழுங்கிக்கொள் என்று சொல்ல மாட்டேன்.

ஆனால் போன சித்திரையில் அவர் வீடு திரும்பியதை நான் பார்த்தேன். துருத்தியில் பீய்ச்சிய தண்ணீர் சட்டையெல்லாம் சொட்டியது. திண்ணையில் உட்கார்ந்து, கேமராவைச் சுற்றியிருந்த பாலிதீன் பையை மெதுவாகப் பிரித்தார். லென்ஸைத் துடைத்து முடித்த பிறகுதான் தன் தலையைத் துவட்டினார். கழுத்தில் வார் அறுத்த இடம் சிவந்திருந்தது. விடிய விடிய முழித்த அசதியில் நீ தூங்கிக்கொண்டிருந்தாய். அதை யாரும் படம் எடுக்கவில்லை.

நீ எடு. செல்போன் போதும், பிளாஷ் வேண்டாம். காலை வெயில் திண்ணையில் சாய்வாக விழும் நேரம் பார்த்துக்கொள். அவர் பை கட்டும்போது, பேட்டரியை எண்ணி வைக்கும்போது கையைக் கவனி. "கொஞ்சம் இந்தப் பக்கம் வா" என்று கட்டாயம் சொல்வார். முதல் படத்தை உனக்குத் தோன்றிய இடத்திலிருந்தே எடு. பிறகு அவர் சொன்ன இடத்திலிருந்தும் ஒன்று.

இரண்டையும் பிரிண்ட் போட்டு வை. சித்திரைக்கு வரும்போது பார்க்கிறேன்.

உன் மாமா