மோனோனோகேயின் காடு எங்கே?

கேள்வி: 'பிரின்சஸ் மோனோனோகே' என்ற ஜப்பானிய அனிமே படம் பார்த்தேன். அப்படியொரு காடு உண்மையில் உண்டா, எல்லாமே கற்பனையா?
- வாசகி, குன்னூர்

பதில்: பேசும் ஓநாயும் வனதெய்வமும் கற்பனை. காடு நிஜம். ஹயாவோ மியாசாகி 1997-ல் எடுத்த இந்தப் படத்தின் காட்டுக்கு முன்மாதிரி, ஜப்பானின் யாகுஷிமா தீவு. 1993-ல் யுனெஸ்கோ அதை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. படத்தில் வருவதுபோல் இரும்பு உருக்கும் உலைக் கரிக்காக மரங்களை வெட்டியதும் நடந்த வரலாறுதான்.

அதைப்போன்ற காடு உங்கள் நீலகிரி மலையிலேயே இருக்கிறது. கோத்தகிரி அருகே லாங்வுட் சோலை, சுமார் 116 ஹெக்டேர். முறுக்கேறிய குட்டை மரங்கள், அடி முதல் கிளை வரை பாசி. மழை விட்ட பிறகு அந்தப் பாசியை விரலால் அழுத்திப் பாருங்கள், நீர் சொட்டும். சோலை பிடித்து வைக்கும் நீர்தான் ஊற்றாகிச் சுற்றுக் கிராமங்களின் தாகம் தீர்க்கிறது.

நீலகிரியிலும் எத்தனையோ சோலைகளும் புல்வெளிகளும் தேயிலைக்கும் கற்பூர மரத்துக்கும் (யூகலிப்டஸ்) சீகைக்கும் (வாட்டில்) பலியாகிவிட்டன. இங்குள்ள பழங்குடிகளான தோடர்களுக்கோ எருமையும் மலைமுகடுகளும் இன்றும் புனிதமானவை. அவர்கள் அறிந்ததைத்தான் படமும் சொல்கிறது. மிச்சமிருக்கும் சோலைகளைக் காப்பாற்றுங்கள்; உங்கள் வீட்டுக் குடிநீர் அங்கிருந்துதான் வருகிறது.