வீட்டுத் தோட்டத்து நிழல் மரங்களுக்கு நீர் பாய்ச்சுதல்

1950-ஆம் ஆண்டில் மத்திய உணவு, விவசாய அமைச்சராக இருந்த கே. எம். முன்ஷி அவர்கள் வன மகோத்சவத்தைத் தொடங்கினார். அது முதல் ஆண்டுதோறும் ஜூலைத் திங்களில் நாட்டின் பல பகுதிகளில் மரக்கன்றுகள் நடப்பெற்று வருகின்றன. தென்மேற்குப் பருவமழை துணை நிற்பதால் அப்பொழுது நடும் கன்றுகளில் பெரும்பாலானவை எளிதில் தளிர்த்துவிடுகின்றன. உண்மையான சோதனை அடுத்து வரும் கோடையிலேயே தொடங்குகின்றது. முதல் மூன்று கோடைகளையும் கடந்த மரமே பின்னர் வீட்டிற்கு நிழலாக நிலைத்து நிற்கும். வேம்பு, புங்கம், மகிழம், சரக்கொன்றை, குல்மோகர் முதலிய மரங்களைக் காப்பதில், நீர் எவ்வளவு என்பதைப் போலவே, அது எங்கே, எவ்வாறு விடப்படுகின்றது என்பதும் முக்கியமாகும்.

வேரின் இயல்பு

மரத்தின் உயரத்திற்கு ஏற்ப வேர்கள் அனைத்தும் ஆழ்ந்து செல்கின்றன என்று பலர் எண்ணுவதுண்டு. அவ்வாறன்று. நீரை உறிஞ்சும் சல்லி வேர்களில் பெரும்பகுதி ஏறக்குறைய 60 செ.மீ. ஆழத்திற்குள்ளேயே பரவியிருக்கும். ஆனால் பக்கவாட்டில் அவை கிளைகளின் விளிம்பையும் கடந்து செல்லும். அடிமரத்தை ஒட்டிய தடித்த வேர்கள் மரத்தைத் தாங்குவனவேயன்றி, நீரை மிகுதியாக உறிஞ்சுவன அல்ல. எனவே, வளர்ந்த மரத்தின் அடியில் ஊற்றப்படும் நீரால் பயன் குறைவு. அடிப்பட்டை எப்பொழுதும் ஈரமாக இருப்பின் பூசணம் பற்றி அழுகலும் ஏற்படக்கூடும்.

நாள்தோறும் சிறிதளவு நீர் தெளிப்பதும் தவறான பழக்கமாகும். அதனால் மேல்மண் சில விரற்கடை ஆழமே நனைகின்றது. ஈரமுள்ள அவ்விடத்திலேயே வேர்களும் தங்கிவிடுகின்றன. கோடை விடுமுறையில் வீட்டார் சில நாள் வெளியூர் சென்றால், மேல்மண் முழுவதும் காய்ந்து கன்று பட்டுப்போவதற்கு இதுவே காரணம். ஆழ நனைத்து, இடைவெளி விட்டு நீர் பாய்ச்சினால் வேர் ஈரத்தைத் தொடர்ந்து கீழே இறங்கும்.

பாத்தியும் நீரின் அளவும்

கன்றைச் சுற்றி 1 மீட்டர் விட்டமுள்ள வட்டப்பாத்தி அமைத்தல் வேண்டும். தண்டின் அடியில் மட்டும் மண்ணைச் சிறிது உயர்த்தி அணைத்து, நீர் தண்டைத் தொடாதவாறு செய்தல் நலம். ஒரு சதுர மீட்டர் பரப்பில் 1 செ.மீ. உயரம் நிற்கும் நீர் 10 லிட்டராகும். இக்கணக்கின்படி, 1 மீட்டர் விட்டமுள்ள பாத்தியில் 5 செ.மீ. உயரத்திற்கு நீர் நிறுத்த ஏறக்குறைய 40 லிட்டர் தேவைப்படும். விட்டம் 2 மீட்டரானால் இந்த அளவு நான்கு மடங்காகும்.

மரம் வளர வளரப் பாத்தியின் விளிம்பும் கிளைகளின் விளிம்புக்கு ஏற்ப அகன்று செல்ல வேண்டும். நீர் பாய்ச்சும் இடைவெளியும் படிப்படியாக நீள வேண்டும். முதற்கோடையில் மணற்பாங்கான நிலத்தில் மூன்று நாட்களுக்கு ஒரு முறையும், களிமண்ணில் அதனினும் தாமதித்தும் பாய்ச்சலாம். இரண்டாம் கோடையில் வாரம் ஒரு முறையும், மூன்றாம் கோடையில் பத்து முதல் பதினைந்து நாட்களுக்கு ஒரு முறையும் போதுமானது. பாத்தியில் சருகினை 5 முதல் 8 செ.மீ. கனத்திற்குப் பரப்பினால் ஈரம் காக்கப்படும். சோப்பு கலந்த கழிவுநீரைத் தொடர்ந்து விடலாகாது. அதிலுள்ள சோடியம் மண்ணை இறுகச் செய்யும்.

அறிகுறிகளை ஆராய்தல்

இலை வாடுதலும் மஞ்சளாதலும் நீர்க்குறைவாலும் ஏற்படும். நீர் தேங்கி வேர் காற்றின்றித் திணறுவதாலும் ஏற்படும். ஆதலின் மண்ணைத் தோண்டிப் பாராமல் நீர் விடலாகாது. நண்பகலில் துவண்டு மாலையில் நிமிரும் கன்றுக்கு உடனே நீர் தேவை என்பதில்லை. சரக்கொன்றை கோடையில் இலையுதிர்த்துப் பூப்பது அதன் இயல்பாகும்; அதனைப் பட்டுப்போகும் மரமென்று கருதி நீரைக் கொட்டுவது தீங்காகவே முடியும்.

வேருக்கு நீரைப் போலவே காற்றும் இன்றியமையாதது. டெல்லி நகரில் மரங்களின் அடிவரை சிமெண்டுத் தளம் இடப்பட்டிருந்ததால், மரத்தைச் சுற்றி 1 மீட்டர் தூரத்திற்குள் உள்ள தளத்தை அகற்றுமாறு தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் 2013-இல் ஆணையிட்டது. வீட்டு முற்றத்திற்குத் தளமிடுவோரும் இதனைக் கருத்திற் கொள்ளுதல் வேண்டும்.

பள்ளியில் செய்து காட்டுதல்

மரமில்லாத காய்ந்த திடலில் 1 மீட்டர் விட்டமுள்ள இரு பாத்திகளை அமைக்கச் செய்க. ஒன்றில் 40 லிட்டர் நீரை ஒரே நாளில் மெல்ல விடுக. மற்றதில் நாள் ஒன்றுக்கு 4 லிட்டராகப் பத்து நாட்கள் விடுக. ஒவ்வொன்றிலும் கடைசியாக நீர் விட்ட மறுநாள் மெல்லிய இரும்புக் கம்பியை மண்ணில் அழுத்தினால், ஈரமுள்ள ஆழம் வரை அது எளிதில் இறங்கும். காய்ந்த மண்ணில் தடைப்படும். மாணவர்கள் இரு ஆழங்களையும் அளந்து குறிக்கட்டும். இரண்டிலும் விட்ட நீர் ஒரே அளவுதான். இரண்டாம் பாத்தியின் நீரில் பெரும்பகுதி எங்கே சென்றது என்ற வினாவிலிருந்து ஆசிரியர் பாடத்தைத் தொடங்கலாம்.