பாட்டும் உரிமையும்: மதுரை கே. பி. ஜானகி அம்மையார்

தோற்றுவாய்

‘அகதி’ என்னுஞ் சொல் இக்காலத்தில் நாடிழந்து பிறநாட்டிற் புகலடைந்தாரையே குறிப்பதாயிற்று. பழைய வழக்கிலோ அது கதியற்றவர், அஃதாவது போக்கிடம் இல்லாதவர் என்று பொருள்படும். போரினால் நாட்டை இழந்தாரும் அகதியே. நாட்டினுள்ளேயே தாயையும் ஆதரவையும் இழந்தாரும் அகதியே. இவ்விருவகையாருள்ளும், பாட்டையே துணையாகக் கொண்டு எழுந்து, பின்னர்ப் பெண்டிர் உரிமைக்காகக் குரல் கொடுத்த மாதர் சிலர் உளர்.

எகிப்தின் அடிமைத்தளையினின்று தப்பிவந்த மக்கள் கடலைக் கடந்தபொழுது, மிரியாம் தம்புருவைக் கையிலேந்திப் பாட, பெண்டிர் அனைவரும் அவளைப் பின்தொடர்ந்தனர் என்று யாத்திராகமம் கூறும். நம் காலத்திலும் இதற்குச் சான்று உண்டு. ஆப்கானிய நாட்டுப் பாடகியாராகிய ஆரியானா சயீத் என்பார் சிறுவயதிலேயே பெற்றோருடன் காபூலை நீங்கி, அயல்நாடுகளில் வளர்ந்து, இலண்டனில் வாழ்ந்தவர். அவர் 2017ஆம் ஆண்டில் அச்சுறுத்தல்களுக்கு இடையே காபூலிற் பாடினார். 2021 ஆகஸ்டில் தாலிபானியர் ஆட்சியைக் கைப்பற்றவே, மறுமுறையும் நாடு நீங்கினார். பெண்ணின் பாட்டுக்கு அஞ்சும் ஆட்சி உண்டென்பதை உலகம் அன்று கண்டது.

இத்தகைய வரலாறு தொலைநாட்டிற்கே உரியதன்று. நம் மதுரைமாநகரிற் பிறந்து வளர்ந்த கே. பி. ஜானகி அம்மையார் நாடிழந்தவர் அல்லர். எனினும் பழம்பொருளில் அகதியாய் வாழ்வைத் தொடங்கி, பாடகியாராய்ப் புகழ் எய்தி, பெண்டிர் உரிமைக்குத் தலைநின்று உழைத்தவர். புகழ் வேறு, உரிமை வேறு என்பதே அவர் வாழ்வு நமக்கு உணர்த்தும் பாடமாகும். அதனை ஈண்டுச் சுருங்க ஆராய்வாம்.

இளமை

அம்மையார் 1917ஆம் ஆண்டில் வறிய குடும்பமொன்றிற் பிறந்தார். எட்டாம் வயதில் தாயை இழந்து, பாட்டியாரால் வளர்க்கப்பெற்றார். எட்டாம் வகுப்பளவிற் பள்ளிப்படிப்பு நின்றது, இசைப்பயிற்சி தொடங்கிற்று. கல்வியும் பொருளும் கைவிட்ட இடத்தில் குரல் ஒன்றே அவர்க்குத் துணையாயிற்று.

இதற்கு ஓராண்டு முன்னர், 1916இல், இதே நகரத்தில் வீணைவல்ல சண்முகவடிவு அம்மையாருக்கு மகளாய்ப் பிறந்தவர் எம். எஸ். சுப்புலட்சுமி அம்மையார். அவர் கச்சேரி மேடையேறி உலகப்புகழ் பெற்று, 1998இல் பாரத ரத்னா விருதும் எய்தினார். ஒரே நகரத்தில் ஏறக்குறைய ஒரே காலத்தில் தோன்றிய இரு குரல்களுள், ஒன்று இசையரங்கிற்குச் சென்றது. மற்றொன்று நாடகமேடை வழியாகத் தெருவிற்கும் வயற்காட்டிற்கும் சிறைக்கும் சென்றது. இரண்டும் மதுரைக்குப் பெருமையே.

நாடக வாழ்வு

அந்நாளில் மதுரை, தமிழ் நாடகத்தின் தலைநகரம்போல் விளங்கிற்று. சங்கரதாஸ் சுவாமிகள் 1918இல் இங்கே தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையை நிறுவினார். சிறுவரைக்கொண்டு நாடகம் நடத்திய ‘பாய்ஸ் கம்பெனி’கள் பல எழுந்தன. ஜானகி அம்மையார் பழனியாப் பிள்ளையின் கம்பெனியில் திங்களொன்றுக்கு 25 ரூபாய் ஊதியத்திற் சேர்ந்தார். பின்னர்க் கதாநாயகி வேடம் பூண்டு, ஒரு நாடகத்திற்கு 300 ரூபாய் பெறும் நிலைக்கு உயர்ந்தார். அக்கம்பெனியில் ஆர்மோனியம் வாசித்த குருசாமி நாயுடு அவர்கள் அவருடைய கணவராயினார்.

அக்கால நாடகத்தின் இயல்பைச் சிறிது அறிதல் நலம். ஒலிபெருக்கி எங்கும் பரவாத காலம் அது. விடியுமளவும் நடைபெறும் நாடகத்தில், கடைசி வரிசையில் தரையில் அமர்ந்திருப்பானுக்கும் கேட்குமாறு உச்சத்தாயியிற் பாடவேண்டும். ‘ஸ்பெஷல் நாடகம்’ என்னும் வகையிலோ, வெவ்வேறு ஊர் நடிகர் ஒரே மேடையில் ஒத்திகையின்றிக் கூடுவர். பாட்டும் கதையும் பொதுவாய் அமைந்திருக்கும். தர்க்கமோ அவ்விடத்திலேயே பிறக்கும். வேலனாய் வருபவர் ஒரு வினாவை எழுப்பினால், வள்ளியாய் நிற்பவர் அப்பொழுதே விடையிறுத்தல் வேண்டும். தயங்கினால் அவையோர் நகைப்பர். ஆண்மக்கள் நிறைந்த அவையின்முன் ஒரு பெண் எழுந்து நின்று அஞ்சாது எதிர்வாதம் புரிவதற்கு அந்நாளில் இதனினும் சிறந்த பள்ளி யாதுளது? பிற்காலத்துப் பொதுக்கூட்ட மேடைக்கு நாடகமேடையே நாற்றங்காலாயிற்று எனல் மிகையாகாது.

ஆயினும், நடிகையின் பாட்டைக் கேட்க விரும்பிய சமூகம், நடிகைக்கு மதிப்பளிக்க விரும்பவில்லை. சாதி வேற்றுமையும் மேடையேறி நின்றது. சிவகாசியிற் பிறந்து திருமங்கலத்தில் வாழ்ந்த விசுவநாத தாஸ் அவர்கள், முருகன் வேடத்திலேயே தேசியப் பாடல்களைப் பாடிப் பன்முறை சிறைசென்ற பெருமகனார். அவர் நாவிதர் குலத்திற் பிறந்தவராதலின், அவருடன் நடிக்க நடிகையர் சிலர் மறுத்தனர். ஜானகி அம்மையார் மறுக்காது அவருடன் நடித்தார். தம் புகழுக்கும் வருவாய்க்கும் ஊறு நேரக்கூடுமென அஞ்சி ஒதுங்கியிருத்தல் எளிது; அம்மையார் அவ்வாறு ஒதுங்கினாரல்லர். விசுவநாத தாஸ் அவர்கள் 1940ஆம் ஆண்டின் இறுதிநாளில் சென்னையில் மேடையிலேயே உயிர்நீத்தார்.

நாட்டுத் தொண்டு

1936ஆம் ஆண்டளவில் அம்மையார் காங்கிரஸ் மகாசபையிற் சேர்ந்து, மதுரையிற் பொறுப்பேற்று உழைத்தார். பின்னர்க் காங்கிரஸ் சோஷலிஸ்டுக் கட்சியிலும், 1940இல் கம்யூனிஸ்டுக் கட்சியிலும் சேர்ந்தார். கூட்டங்களில் முதலிற் பாடுவார், பின்னர்ப் பேசுவார். பாட்டுக்காக வந்தவர் பேச்சுக்கும் செவிசாய்த்தனர். எழுத்தறியாதார் மிக்கிருந்த நாட்டில் செய்தித்தாள் செய்ய இயலாத பணியை அவர் குரல் செய்தது. இரண்டாம் உலகப் போரின்போது போருக்கு எதிராகப் பிரசாரம் செய்தமையால் இந்தியப் பாதுகாப்புச் சட்டத்தின்படி சிறைத்தண்டனை அடைந்தார். மேடையில் ஈட்டிய பொருளையும் நகைகளையும் பட்டாடைகளையும் இயக்கத்திற்கே செலவிட்டார்.

விடுதலைக்குப் பின்னும் அவர் ஓய்ந்திலர். மதுரை நகரத்து ஆலைத்தொழிலாளரிடையேயும், சுற்றியுள்ள சமவெளியில் பிறர் நிலத்தை உழுது வாழ்ந்த குடியானவரிடையேயும் பணியாற்றினார். 1967ஆம் ஆண்டுத் தேர்தலில் மதுரை கிழக்குத் தொகுதியினின்று மார்க்சிஸ்டுக் கட்சியின் சார்பில் சட்டமன்றத்திற்குத் தேர்ந்தெடுக்கப்பெற்றார்.

பெண்டிர் உரிமை

சென்னை மாகாணத்தில் 1921இலேயே பெண்டிர்க்கு வாக்குரிமை கிடைத்தது. ஆயினும் அது சொத்துடையார்க்கே பயன்பட்டது. புதுக்கோட்டையிற் பிறந்த டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி அம்மையார் 1927இற் சட்டசபையின் உறுப்பினராகி, தேவதாசி முறையை ஒழிக்கப் பாடுபட்டார். திக்கற்ற சிறுமியர்க்காக 1930இல் சென்னையில் ஔவை இல்லம் நிறுவினார். தேவதாசி முறையை ஒழிக்குஞ் சட்டம் 1947இல் நிறைவேறிற்று. கற்றறிந்தார் சட்டத்தின் வாயிலாகச் செய்த தொண்டு அது. எட்டாம் வகுப்பைத் தாண்டாத ஜானகி அம்மையார் அத்தொண்டைக் களத்துமேட்டிற்கும் ஆலைவாயிலுக்கும் கொண்டுசென்றார்.

1974இல் தமிழ்நாட்டில் ஜனநாயக மாதர் சங்கம் தோன்றியபொழுது, பாப்பா உமாநாத் அம்மையார் முதலியோருடன் இவரும் அதனைத் தோற்றுவித்தவருள் ஒருவராயினார். 1981இல் சென்னையில் அகில இந்திய அளவில் அச்சங்கம் அமைந்தபோதும் முன்னோடியாய் நின்றார். வரதட்சணைத் தடைச் சட்டம் 1961இலும், சம ஊதியச் சட்டம் 1976இலும் பிறந்தன. தமிழ்நாட்டில் இந்துக் குடும்பத்துப் பூர்விகச் சொத்தில் பெண்மக்கட்கும் சமபங்கு அளிக்கும் திருத்தம் 1989இல் வந்தது. இவை ஒருவரால் விளைந்தன அல்ல. ஆயினும் ஏட்டில் எழுதிய சட்டத்தை ஏழைப்பெண்ணின் காதில் எட்டச்செய்வதற்கு ஊர்தோறும் செல்லும் குரல்கள் தேவை. அக்குரல்களுள் மூத்தது அம்மையாருடையது. 1992இல் அவர் மறைந்தார்.

முடிவுரை

சிலப்பதிகாரத்து மதுரைக்காண்டத்தில் அடைக்கலக்காதை என்பதொன்று உண்டு. கவுந்தியடிகள் கண்ணகியை ஆய்மகள் மாதரியிடம் அடைக்கலமாகத் தருகின்றார். மாதரி அன்பிற் குறைவைத்திலள். எனினும் அவ்வடைக்கலம் கோவலன் கொலையுண்பதைத் தடுக்கவில்லை. கண்ணகி அரசவை புகுந்து தன் வாயாற் பேசிய பின்னரே உண்மை வெளிப்பட்டது. புகலிடம் உயிரைக் காக்கும். பேசும் உரிமையே நீதியை நல்கும் என்பது இதனாற் பெறப்படும். அவ்வுரிமை காலந்தாழ்ந்து கிடைப்பின் யாது விளையும் என்பதற்கு எரியுண்ட மதுரையே சான்று.

ஜானகி அம்மையாருக்கு நாடகமேடை அடைக்கலம் தந்தது, புகழும் தந்தது. அவ்வளவில் அமைந்திருப்பின் இனிது வாழ்ந்திருக்கலாம். தமக்குக் கிடைத்த புகலிடத்தில் தாம் மட்டும் தங்கியிராது, புகலற்ற பிறர்க்கும் உரிமை வேண்டுமென வெளியே வந்தமையே அவர்தம் பெருமை. அவருடைய அரசியற் கொள்கை அனைத்தையும் நம்மில் எல்லோரும் ஏற்றல் வேண்டுமென்பதில்லை. திக்கற்ற பிள்ளைகளையும் விதவைகளையும் ஆதரித்தலைப் பக்தியின் அடையாளமாக யாக்கோபின் நிருபம் கூறுவதைக் கற்ற நாம், அத்தொண்டு எவ்விடத்துக் காணப்படினும் தலைவணங்கக் கடமைப்பட்டுள்ளோம்.

மாணவ நண்பர்களே! நம் கல்லூரி விழாவிற் பாடும் மாணவியர்க்கு நாம் கைதட்டுகின்றோம். அம்மாணவியரே எழுந்து நின்று தமக்கு ஒவ்வாத தொன்றைக் கூறுங்கால், அதே அன்புடன் செவிசாய்க்கின்றோமா? கைதட்டல் புகழாம், செவிசாய்த்தலே உரிமையாம். இவ்வேறுபாட்டை உணர்ந்து ஒழுகுவதே மதுரை மண்ணிற் பிறந்த அவ்வம்மையாருக்கு நாம் செய்யத்தகும் கைம்மாறு.