கொதிக்கும் மண்ணில் ஒரு நாள்: ஐஸ்லாந்து எரிமலை டூரில் செய்ய வேண்டியவை, செய்யக்கூடாதவை

நம் வீட்டுக் குளியலறையில் இருக்கும் கீசருக்குப் பெயர் கொடுத்த நாடு ஐஸ்லாந்து. அங்கே கெய்சிர் என்றொரு வெந்நீர் ஊற்று இருக்கிறது. பீறிட்டுப் பாய்வது என்று பொருள். வீட்டு கீசர் அதிகமாகக் கொதித்தால் தானாக அணைந்துவிடும். அங்கே அணைக்க ஸ்விட்ச் கிடையாது. இது மனதில் பதிந்துவிட்டால் பாதி ஆபத்து குறைந்தது.

காலையில் தலைநகர் ரெய்க்யவிக்கில் பஸ் ஏறி, ரெய்க்யனெஸ் தீபகற்பத்தின் எரிமலைப் பாறைவெளிகளையும் கொதிக்கும் சேற்றுக் குழிகளையும் கைடுடன் சுற்றிப் பார்த்து, மாலையில் ப்ளூ லகூன் என்ற வெந்நீர்க் குளத்தில் இறங்கும் ஒரு நாள் டூர் மிக அருமையானது. ஆனால் இப்போது அந்த நிலம் தூங்கவில்லை. ஏறக்குறைய 800 ஆண்டு அமைதிக்குப் பிறகு 2021 மார்ச் 19 அன்று அங்கே எரிமலை வாய் திறந்தது. 2023 நவம்பர் 10 இரவு, க்ரின்டாவிக் என்ற மீனவர் ஊரையே காலி செய்தார்கள். 2024 ஜனவரியில் எரிகுழம்பு அந்த ஊருக்குள் வந்து வீடுகளை எரித்தது. அதே ஆண்டு நவம்பரில் ப்ளூ லகூனின் கார் பார்க்கிங் எரிகுழம்புக்கு அடியில் போனது. முன்கூட்டியே எழுப்பி வைத்திருந்த மண் அணைகள்தான் ஸ்பாவைக் காப்பாற்றின.

போகாதீர்கள் என்று சொல்லவில்லை. தாராளமாகப் போங்கள். இதைப் படித்துவிட்டுப் போங்கள்.

செய்ய வேண்டியவை

• பணம் கட்டும் முன் மூன்று கேள்விகளை எழுத்தில் கேளுங்கள். எரிமலையாலோ புயலாலோ டூர் ரத்தானால் முழுப் பணமும் திரும்புமா? பாதை மூடினால் வேறு எங்கே கூட்டிப் போவார்கள்? ப்ளூ லகூன் நுழைவுச்சீட்டு கட்டணத்தில் சேர்ந்ததா? மூன்றாவதில்தான் நம்மவர்கள் அதிகம் ஏமாறுகிறார்கள். டூர் பெயரில் ப்ளூ லகூன் இருக்கும். கட்டணமோ வாசல் வரை கொண்டுவிட மட்டும். உள்ளே போக நேரம் குறித்து முன்பதிவு வேண்டும். வாசலில் போய் நின்றால் இடம் கிடைக்கும் என்று நம்பாதீர்கள்.

• இன்ஷூரன்ஸ் பத்திரத்தில் எரிமலை என்ற சொல்லைத் தேடுங்கள். விசாவுக்காக எடுத்த பாலிசி மருத்துவச் செலவைத் தரும். எரிமலையால் பயணம் முடங்கினால் தருமா என்பது பாலிசிக்குப் பாலிசி மாறும்.

• டூரைப் பயணத்தின் நடு நாளில் வையுங்கள். கெஃப்லவிக் விமான நிலையம் ப்ளூ லகூனிலிருந்து 20 நிமிடம்தான் என்பதால், பலர் ஊர் திரும்பும் நாளில் இதைச் செருகிவிடுகிறார்கள். அன்றைக்குப் பார்த்து ரோடு மூடினால் விமானமும் போய்விடும்.

• கிளம்பும் நாள் காலையில் ஐஸ்லாந்து வானிலைத் துறையின் தளத்தைத் திறந்து பாருங்கள். காற்று, மழை, நிலநடுக்கம், எரிமலை எல்லாவற்றையும் கண்காணிப்பது அங்கே ஒரே துறை. ஆங்கிலப் பக்கமும் உண்டு.

• போனில் ரோமிங் போட்டு வையுங்கள். அபாயம் என்றால் அந்தப் பகுதியில் இருக்கும் போன்களுக்கு எஸ்.எம்.எஸ். அனுப்புவார்கள். சுவிட்ச் ஆஃப் ஆன போனுக்கு எச்சரிக்கை வராது.

• மூன்று அடுக்காக உடுத்துங்கள். உள்ளே கம்பளி அல்லது தெர்மல், நடுவில் ஃப்ளீஸ், மேலே காற்றும் மழையும் புகாத ஜாக்கெட். ஜீன்ஸ் நனைந்தால் நாள் முழுக்க உலராது. குடையை வீட்டிலேயே வைத்துவிடுங்கள். அந்தக் காற்றில் விரித்த நிமிடமே கம்பிதான் மிஞ்சும்.

• பிடிமானமுள்ள, கணுக்காலை மூடும் ஷூ போடுங்கள். எரிமலைப் பாறை கண்ணாடித் தூள்போல் கையையும் காலையும் கிழிக்கும்.

• ஆஸ்துமா, இதய நோய், ரத்த அழுத்தம் இருந்தால் பஸ்ஸிலேயே கைடிடம் சொல்லுங்கள். கந்தகப் புகை மூச்சுக்குழாயைச் சுருக்கும். இன்ஹேலர் சட்டைப்பையில் இருக்கட்டும். பஸ்ஸில் விட்ட பையில் இருந்தால் பயனில்லை. கர்ப்பிணிகள் வெந்நீர்க் குளியல் பற்றி ஊரிலேயே டாக்டரிடம் கேட்டுவிட்டுக் கிளம்புங்கள்.

• தண்ணீரில் இறங்கும் முன் உடையில்லாமல் சோப்புப் போட்டுக் குளியுங்கள். இந்த ஒன்றுதான் நம் ஆட்களைத் திணற வைக்கும். ஐஸ்லாந்தின் பொதுக் குளங்களில் இது கட்டாயம். எந்தெந்த இடத்தைத் தேய்த்துக் கழுவ வேண்டும் என்று படம் போட்ட அட்டையே சுவரில் இருக்கும். அங்கே குளத்து நீரில் மருந்து குறைவாகக் கலப்பதால், ஒவ்வொருவரும் சுத்தமாக இறங்கினால்தான் தண்ணீர் சுத்தமாக இருக்கும். ஆண்களுக்கும் பெண்களுக்கும் தனித்தனி அறை. யாரும் யாரையும் பார்ப்பதில்லை. ப்ளூ லகூனில் கதவுள்ள ஷவர்களும் உண்டு. கூச்சமாக இருந்தால் அதற்காகக் காத்திருங்கள். நீச்சலுடையோடு ஷவரில் நனைந்துவிட்டு நழுவப் பார்த்தால் திருப்பி அனுப்புவார்கள்.

• நீச்சலுடையைக் கைப்பையில் வையுங்கள். பருத்திச் சுடிதாரும் டி-ஷர்ட்டும் குளத்துக்கு ஆகாது. உடம்பை முழுக்க மூட விரும்பினால், நீச்சலுக்கென்றே தைத்த முழு நீள உடையை ஊரிலேயே வாங்கிக்கொள்ளுங்கள்.

• கூந்தலுக்குக் கண்டிஷனரை அள்ளிப் பூசி, உச்சியில் கொண்டை போட்டுக்கொண்டு இறங்குங்கள். ப்ளூ லகூன் இயற்கை ஊற்று இல்லை. பக்கத்தில் உள்ள ஸ்வார்ட்ஸெங்கி புவிவெப்ப மின் நிலையம், பூமிக்குள்ளிருந்து எடுத்த வெந்நீரில் மின்சாரம் தயாரித்துவிட்டு வெளியே விட்டதில், 1970களில் உண்டான குளம். அந்த நீரில் கலந்திருக்கும் சிலிக்காதான் பால் நிறமும் நீலமும் தருகிறது. சருமத்துக்கு அது ஒன்றும் செய்யாது. தலைமுடியில் படிந்தால் வைக்கோலாக்கிவிடும். நீண்ட கூந்தலானால் சிக்கெடுக்க இரண்டு மூன்று நாள் ஆகும். கண்டிஷனரை ஷவரிலேயே இலவசமாக வைத்திருக்கிறார்கள். தலையை முக்காமல் இருப்பது அதைவிட நல்லது.

• கொலுசு, மெட்டி, மோதிரம் எல்லாவற்றையும் கழற்றி லாக்கரில் பூட்டுங்கள். கந்தகம் பட்டால் வெள்ளி கறுத்துப்போகும். தாலிச் சங்கிலியைக் கழற்ற மனம் வராதவர்கள் கொக்கியை நூலால் கட்டி இறுக்கிக்கொள்ளுங்கள். பால்போன்ற அந்தத் தண்ணீரில் கீழே விழுந்த பொருளைக் கண்ணால் தேட முடியாது.

• குழந்தையைக் கைக்கெட்டும் தூரத்திலேயே வையுங்கள். அதே காரணம்தான்: ஒரு பிள்ளை முழுகினால் மேலேயிருந்து தெரியாது. ப்ளூ லகூனில் 2 வயதுக்குக் கீழ் அனுமதி இல்லை. 8 வயது வரை கையில் மிதவை கட்டாயம். கேட்டால் அங்கேயே தருவார்கள்.

• கால் மணிக்கு ஒருமுறை எழுந்து காற்றாட நின்று, தண்ணீர் குடியுங்கள். 38 டிகிரி சுகமாகத்தான் இருக்கும். அந்தச் சுகத்திலேயே தலை சுற்றிச் சாய்ந்துவிடுவீர்கள்.

செய்யக்கூடாதவை

• பலகைப் பாதையை விட்டு ஓரடிகூட இறங்காதீர்கள். கொதிசேற்றுக் குழிகள் உள்ள ஸெல்டூனிலும் குன்னுஹ்வெரிலும் மஞ்சள், சிவப்பு, சாம்பல் நிறத்தில் மண் அழகாக விரிந்து கிடக்கும். நடக்கலாம் போலத் தோன்றும். ஆவியும் அமிலமும் பாறையைத் தின்று களிமண்ணாக்கியதால் வந்த நிறங்கள் அவை. மேலே காய்ந்த தோல், கீழே கொதிக்கும் சேறு. கால் உள்ளே போனால் ஷூவுக்குள் சேறு புகுந்து ஒட்டிக்கொள்ளும். ஷூவைக் கழற்றும்போது தோலும் கூட வரும். நேற்று உறுதியாக இருந்த இடம் இன்று இருக்காது. ஸெல்டூனில் 1999-இல் ஒரு பழைய ஆழ்துளைக் கிணறு முன்னறிவிப்பே இல்லாமல் வெடித்துப் பெரிய பள்ளம் விழுந்தது. கயிறு கட்டியிருப்பது முழங்கால் உயரத்துக்குத்தான். அதைத் தாண்டிக் காலை வைக்காமல் இருப்பது உங்கள் பொறுப்பு.

• சூடு பார்க்க விரலை விடாதீர்கள். வெந்நீர் ஊற்றுகளில் பல 80 முதல் 100 டிகிரி வரை இருக்கும். சோறு வடித்த கஞ்சியில் கை விடுவது போலத்தான்.

• ஸ்ட்ரோக்குர் ஊற்றையும் சேர்த்த டூரானால், காற்று வீசும் திசையில் நிற்காதீர்கள். சில நிமிடங்களுக்கு ஒருமுறை 15, 20 மீட்டர் உயரம் பாய்கிற கொதிநீர், காற்று போகும் பக்கம்தான் விழும்.

• புதிய எரிகுழம்புப் பாறைமேல் ஏறாதீர்கள். மேலே கறுத்து ஆறியிருக்கும். உள்ளே பல மாதம், சில இடங்களில் பல ஆண்டு, சூடு கனன்றுகொண்டே இருக்கும். ஓடு உடைந்து விழுந்தால் மீட்புப் படையாலும் உங்களிடம் வர முடியாது. 2021-இல் அப்படி ஏறியவர்களை உலகமே வீடியோவில் பார்த்தது. அவர்கள் தப்பித்ததை முன்னுதாரணமாக எடுத்துக்கொள்ளாதீர்கள்.

• எரிமலை வாய்க்கு அருகே பள்ளத்தில் உட்காராதீர்கள். அங்கே வெளிவரும் வாயுக்களில் பல காற்றைவிடக் கனமானவை. தாழ்வான இடத்தில் தேங்கும். அவற்றில் சிலவற்றுக்கு வாசனையே இல்லை. அழுகிய முட்டை நாற்றம் திடீரென்று நின்றால் வாயு போய்விட்டது என்று நினைக்காதீர்கள். அளவு கூடினால் அந்த வாயு மூக்கையே மரக்கச் செய்துவிடும். உடனே மேட்டுக்கு, காற்று வரும் பக்கம் நடங்கள்.

• கைடு இன்று வேண்டாம் என்றால் வாதாடாதீர்கள். நியூசிலாந்தின் வகாரி தீவில் 2019 டிசம்பர் 9 அன்று எரிமலை வெடித்தபோது 47 பேர் தீவில் இருந்தார்கள். பெரும்பாலோர் உங்களைப் போல ஒரு நாள் டூருக்கு வந்தவர்கள். 22 பேர் இறந்தார்கள். 3 வாரம் முன்பே எச்சரிக்கை நிலை உயர்த்தப்பட்டிருந்தும் டூர்கள் நிற்கவில்லை. ஆகவே நிறுத்துகிற கைடுதான் நல்ல கைடு. அவரிடம் காசைக் காட்டிச் சண்டை போடுவது, அடுத்த முறை அவர் நிறுத்தத் தயங்கும்படி செய்வதாகும். இன்னொன்று: எச்சரிக்கை வந்த பிறகும் ஒன்றும் ஆகாது, வாங்க என்று கூப்பிடுகிற கைடோடும் போகாதீர்கள்.

• சைரன் கேட்டால் போட்டோவுக்கு நிற்காதீர்கள். ப்ளூ லகூன் பகுதியில் வெளியேற்றச் சைரன் பொருத்தியிருக்கிறார்கள். ஊழியர் காட்டுகிற பக்கம் அந்த நிமிடமே நகருங்கள்.

• கடல் ஓரத்தில் அலைக்கு முதுகு காட்டாதீர்கள். ப்ரிம்கெட்டில் பாறைக்குழியில் பார்வை மேடை கட்டியிருப்பது அதற்குத்தான்; மேடையைத் தாண்டிப் பாறைமேல் இறங்கினால் ஒரே அலை போதும்.

• பாசியை மிதிக்காதீர்கள், கல்லை எடுக்காதீர்கள். எரிமலைப் பாறைமேல் மெத்தைபோல் வளர்ந்திருக்கும் பாசி உருவாகப் பல பத்தாண்டுகள் ஆகும். உங்கள் காலடித் தடம் உங்கள் பேரப்பிள்ளை வரும்போதும் அங்கேயே இருக்கும்.

• கான்டாக்ட் லென்ஸோடும் மூக்குக்கண்ணாடியோடும் ப்ளூ லகூனில் இறங்காதீர்கள். சிலிக்கா கண்ணை உறுத்தும்; கண்ணாடியின் பூச்சைக் கீறும்.

• வெந்நீருக்குள் நின்றுகொண்டு மது குடிக்காதீர்கள். சூடும் மதுவும் சேர்ந்து ரத்த அழுத்தத்தை இறக்கும். டிக்கெட்டோடு ஒரு பானம் இலவசம் என்றால் ஜூஸ் கேளுங்கள்.

• உடை மாற்றும் அறையில் போனை எடுக்காதீர்கள். வீட்டுக்குப் பேசுவதானாலும் வெளியே வந்து பேசுங்கள்.

• பாட்டில் தண்ணீர் வாங்காதீர்கள். அங்கே குழாயில் வரும் குளிர்ந்த நீர் உலகின் மிகத் தூய குடிநீர்களில் ஒன்று. வெந்நீர்க் குழாயில் முட்டை நாற்றம் வரும். அதில் குளிக்கலாம்; குடிக்கக் குளிர்நீரைச் சிறிது ஓடவிட்டுப் பிடியுங்கள்.

ஒரு வேலையை இன்றைக்கே முடித்துவிடுங்கள். ஐஸ்லாந்தில் போலீஸ், ஆம்புலன்ஸ், மீட்புப் படை எல்லாவற்றுக்கும் ஒரே எண்: 112. உங்கள் போனிலும், கூட வரும் ஒவ்வொருவர் போனிலும், பாட்டி போனிலும் அதை இப்போதே பதிந்துவையுங்கள்.