பென்னாகரத்தில் டெபாசிட் போன கட்சி

செங்கல்பட்டிலிருந்து மாமல்லபுரம் போகும் பேருந்து திருக்கழுக்குன்றத்தைத் தாண்டுவதற்குள் இந்தப் பேச்சு வந்துவிடும். எங்கேயோ ஓர் இடைத்தேர்தல் முடிந்திருக்கும். முன் இருக்கைக்காரர் கைபேசியைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டே திரும்புவார். “பாத்தீங்களா சார்? டெபாசிட்டே போச்சு. அந்தக் கட்சி இத்தோட காலி. அடுத்த ஆட்சியும் இவங்கதான், எழுதி வெச்சுக்கோங்க.”

எழுதி வைத்துக்கொள்கிற ஆள்தான் நான். கணக்கு வாத்தியாராக இருந்தவன். தேர்தல்தோறும் வாக்குச்சாவடியிலோ எண்ணும் மேசையிலோ உட்கார்ந்தவன். எழுதி வைத்ததனால்தான் கோபம் வருகிறது. ஒவ்வொரு இடைத்தேர்தலுக்கும் இதே பேச்சு. பல பொதுத்தேர்தல்களில் அது பொய்த்துப் போனாலும், சொன்னவர் ஒருவரும் வந்து “தப்பாச் சொல்லிட்டேன் சார்” என்றதில்லை.

நம்பிக்கை: இடைத்தேர்தல் முடிவைப் பார்த்தால் ஒரு கட்சியின் எதிர்காலம் தெரிந்துவிடும்.

உண்மை: தெரியாது. பென்னாகரத்தைப் பாருங்கள்.

2010 மார்ச்சில் தருமபுரி மாவட்டம் பென்னாகரத்தில் இடைத்தேர்தல். ஆளுங்கட்சியான தி.மு.க. வென்றது, பா.ம.க. இரண்டாம் இடம். மாநிலத்தின் பிரதான எதிர்க்கட்சியான அ.தி.மு.க. மூன்றாம் இடத்துக்குப் போய் டெபாசிட்டையும் இழந்தது. அன்று எழுதப்பட்ட இரங்கல்களுக்குக் கணக்கில்லை. ஜெயலலிதாவின் அரசியல் முடிந்தது என்றார்கள், வடக்கு மாவட்டங்களில் இரட்டை இலையைத் தேட வேண்டும் என்றார்கள். பதினான்கு மாதம் கழித்து, 2011 மே 13 அன்று பெட்டியைத் திறந்தபோது அ.தி.மு.க.வுக்கு 150 இடம், கூட்டணியோடு 203. தி.மு.க.வுக்கு 23. எதிர்க்கட்சி என்ற தகுதிகூட 29 இடம் பெற்ற தே.மு.தி.க.வுக்குப் போய்விட்டது. அதே பென்னாகரத்தில் அ.தி.மு.க. கூட்டணியிலிருந்த இந்திய கம்யூனிஸ்ட் வேட்பாளர் வென்றார்.

பென்னாகரம் மட்டும்தானா? 2006 முதல் 2011 வரை நடந்த இடைத்தேர்தல் அத்தனையும் தி.மு.க. கூட்டணிக்குத்தான். அதில் 2009 ஜனவரியின் திருமங்கலமும் ஒன்று. வித்தியாசம் 39,266 வாக்கு. “திருமங்கலம் ஃபார்முலா” என்று அதற்கு ஒரு பெயரே வைத்துவிட்டார்கள். அத்தனையும் வென்ற கட்சி பொதுத்தேர்தலில் 23-ல் நின்றது. அடுத்த ஐந்தாண்டில் சங்கரன்கோவில், புதுக்கோட்டை, ஏற்காடு, நமக்குப் பக்கத்து ஆலந்தூர், ஸ்ரீரங்கம் எல்லாம் ஆளுங்கட்சியான அ.தி.மு.க.வுக்கு. 2016-ல் அந்தக் கட்சி ஆட்சியைத் தக்கவைத்துக்கொண்டது. ஆக, ஒரு முறை எல்லாவற்றையும் வென்று ஆட்சியை இழந்தார்கள். மறுமுறை எல்லாவற்றையும் வென்று ஆட்சியை வைத்துக்கொண்டார்கள். மாமல்லபுரத்து மீன் ஏலத்தில் எந்தக் கூடையை வைத்தாலும் பத்து கிலோ காட்டுகிற தராசு இருந்தால் அதை நம்பி மீன் வாங்குவீர்களா?

நம் பக்கத்துக் கணக்கையே எடுத்துக்கொள்ளுங்கள். 2002-ல் அச்சிறுபாக்கத்தில் இடைத்தேர்தல் வந்தது, ஆளுங்கட்சியான அ.தி.மு.க. வென்றது. அன்று அச்சிறுபாக்கம் தனித் தொகுதி. பிறகு தொகுதி மறுவரையறையில் பெயரே போய்விட்டது. 2004 மக்களவைத் தேர்தலில் அதே கட்சிக்குத் தமிழ்நாட்டின் 39 இடத்தில் ஒன்றும் கிடைக்கவில்லை. சரி, கதை முடிந்தது என்று எல்லோரும் நினைத்திருக்க, 2005 மே மாதம் காஞ்சிபுரம், கும்மிடிப்பூண்டி இரண்டு இடைத்தேர்தலிலும் அ.தி.மு.க. வென்றது. உடனே “அலை திரும்பிவிட்டது” என்றார்கள். சரியாக ஓர் ஆண்டில், 2006-ல் ஆட்சி தி.மு.க.வுக்குப் போனது, காஞ்சிபுரம் தொகுதி அந்தக் கூட்டணியின் பா.ம.க.வுக்குப் போனது. இரண்டு பக்கமும் தப்பு. இதற்கு மேல் என்ன சாட்சி வேண்டும்?

இது ஏன் இப்படி என்று கேட்பவர்களிடம் எனக்கு மரியாதை உண்டு. கேட்காமல், “காசு வாங்கிட்டுப் போட்டாங்க” என்று ஒரே வரியில் முடிப்பவர்களிடம் இல்லை. பணம் ஓடவில்லை என்று நான் சொல்லவில்லை. 2017 ஏப்ரலில் ஆர்.கே.நகர் தேர்தலையே பணப்பட்டுவாடாவைக் காரணம் காட்டித் தேர்தல் ஆணையம் ரத்து செய்தது. ஆனால் காசு ஒன்றே காரணமென்றால் பொதுத்தேர்தலில் அந்தக் காசு ஏன் வேலை செய்யவில்லை?

இடைத்தேர்தலில் வாக்காளர் வேறு கேள்விக்குப் பதில் எழுதுகிறார். பொதுத்தேர்தலில் கேள்வி “யார் ஆள வேண்டும்?” இடைத்தேர்தலில் அந்தக் கேள்வி தாளிலேயே இல்லை. ஆட்சி எப்படியும் மாறப்போவதில்லை. மீதமிருக்கும் இரண்டு வருடத்தில் நம் ஊருக்குச் சாலையும் குடிநீர்க் குழாயும் வேண்டுமென்றால் யாரை அனுப்புவது என்பதுதான் அவர் முன் இருக்கும் கேள்வி. அமைச்சர்கள் ஒன்றியம் ஒன்றியமாகப் பிரித்துக்கொண்டு தங்கியிருக்கிறார்கள். ஐந்து வருடம் எட்டிப் பார்க்காத அதிகாரி தெருவிளக்கை எண்ணிக்கொண்டு நிற்கிறார். அந்த நேரத்தில் ஆளுங்கட்சிக்குப் போடுவது புத்திசாலித்தனமான முடிவு. அதே மனிதர் பொதுத்தேர்தல் வந்ததும் அடுத்த கேள்விக்கு அடுத்த பதிலை எழுதுகிறார். விடைத்தாளைத் திருத்துகிற நாம்தான் கேள்வியைப் படிக்காமல் மதிப்பெண் போடுகிறோம்.

கூட்டணி இன்னொன்று. இடைத்தேர்தலில் தனித்தனியாக நிற்பவர்கள் பொதுத்தேர்தலில் சேர்ந்துவிடுகிறார்கள், சேர்ந்தவர்கள் பிரிகிறார்கள். புறக்கணிப்பு ஒரு பெரிய விஷயம். 2009 ஆகஸ்டில் ஐந்து தொகுதியை அ.தி.மு.க. புறக்கணித்தது, 2024-ல் விக்கிரவாண்டியையும் 2025-ல் ஈரோடு கிழக்கையும் புறக்கணித்தது. எதிரணி மைதானத்துக்கே வராத ஆட்டத்தின் கோல் கணக்கை வைத்து அடுத்த கோப்பையைத் தீர்மானிக்கிறவர்களை என்ன சொல்வது?

உடனே பெரியவர்கள் திண்டுக்கல்லை எடுப்பார்கள். எடுக்கட்டும், அதைத் தட்டிக்கழிக்க மாட்டேன். 1972 அக்டோபரில் எம்.ஜி.ஆர். கட்சி தொடங்கினார். ஏழே மாதத்தில், 1973 மே மாதம், திண்டுக்கல் மக்களவை இடைத்தேர்தலில் மாயத்தேவர் இரட்டை இலையில் வென்றார், ஆளுங்கட்சி தி.மு.க. மூன்றாம் இடம். 1977-ல் எம்.ஜி.ஆர். முதல்வர். ஆக, திண்டுக்கல் 1977-ஐச் சொன்னதா? நடுவில் நான்கு ஆண்டுகள் இருந்தன. நெருக்கடி நிலை வந்தது. 1976 ஜனவரி 31 அன்று தி.மு.க. ஆட்சி கலைக்கப்பட்டது. 1977-ல் நான்கு முனைப் போட்டி நடந்தது. ஏறக்குறைய முப்பது சதவீத வாக்கை வைத்துக்கொண்டே பெரும்பான்மை கிடைத்தது. இவற்றில் எதையாவது 1973-ல் திண்டுக்கல் வாக்காளர் அறிந்திருந்தாரா? இந்தக் கட்சிக்கு மக்கள் இருக்கிறார்கள் என்று அவர்கள் சொன்னார்கள். அது பெரிய செய்திதான், சரியான செய்திதான். ஆட்சி யாருக்கு என்று அவர்கள் சொல்லவில்லை. 1963-ல் திருவண்ணாமலை இடைத்தேர்தலில் தி.மு.க. வென்றதையும் இப்படித்தான் 1967-க்கு முன்னறிவிப்பாக்குவார்கள். நடுவில் 1965 மொழிப்போரும் அரிசித் தட்டுப்பாடும் இருந்ததை மறந்துவிடுவார்கள்.

புதிதாக வந்த தலைவரை இடைத்தேர்தல் அடையாளம் காட்டிவிடும் என்ற நம்பிக்கையும் திண்டுக்கல்லிலிருந்து பிறந்ததுதான். அதை ஆர்.கே.நகர் உடைத்தது. 2017 டிசம்பரில் டி.டி.வி. தினகரன் குக்கர் சின்னத்தில் சுயேச்சையாக நின்று 40,707 வாக்கு வித்தியாசத்தில் வென்றார். தி.மு.க. டெபாசிட் இழந்தது. “ஜெயலலிதாவின் வாரிசு யாரென்று தெரிந்துவிட்டது, தி.மு.க. இனி எழாது” என்று அன்று இரண்டு தீர்ப்பு. 2019 மக்களவைத் தேர்தலில் தமிழ்நாட்டின் 39-ல் 38 தி.மு.க. கூட்டணிக்கு வந்தது. 2021-ல் தி.மு.க. 133 இடத்தோடு ஆட்சிக்கு வந்தது, தினகரனின் அ.ம.மு.க.வுக்கு ஓர் இடமும் இல்லை, அவரே கோவில்பட்டியில் தோற்றார். இரண்டு தீர்ப்பும் தலைகீழ்.

இனி நம் திருப்போரூர். மாமல்லபுரம் இந்தத் தொகுதியில்தான் வருகிறது. தினகரன் பக்கம் நின்ற அ.தி.மு.க. எம்.எல்.ஏ.க்கள் பதினெட்டுப் பேர் தகுதி நீக்கம் செய்யப்பட்டதில் திருப்போரூரும் காலியாகி, 2019 ஏப்ரல் 18 அன்று மக்களவைத் தேர்தலோடு சேர்த்து இடைத்தேர்தல் நடந்தது. ஒரே நாளில் இரண்டு பொத்தான். அ.தி.மு.க.விடமிருந்து தி.மு.க. தொகுதியைப் பறித்தது. திருப்போரூர் இனி உதயசூரியன் கோட்டை என்று கோவளம் முதல் சதுரங்கப்பட்டினம் வரை பேசினார்கள். 2021-ல் உதயசூரியன் சின்னமே அங்கே போட்டியிடவில்லை. தொகுதி விடுதலைச் சிறுத்தைகளுக்கு ஒதுக்கப்பட்டது. பானைச் சின்னம் பா.ம.க.வை 1,947 வாக்கில் தாண்டியது. கோட்டைக்கு இதுவா வித்தியாசம்?

அதே ஏப்ரல் 18-ல் தருமபுரியில் நடந்ததைத் தெரிந்துகொண்டால் இந்தப் பேச்சையே விட்டுவிடுவீர்கள். தருமபுரி மக்களவைத் தொகுதியைத் தி.மு.க. வென்றது. அதற்குள் அடங்கிய அரூர், பாப்பிரெட்டிப்பட்டி இரண்டிலும் அன்றே இடைத்தேர்தல், இரண்டையும் அ.தி.மு.க. வென்றது. ஒரே வரிசை, ஒரே விரலில் மை, சில நொடி இடைவெளியில் இரண்டு பொத்தான், இரண்டு பதில். பக்கத்துப் பெட்டியில் அடுத்த நொடி என்ன விழும் என்பதையே முதல் பெட்டி சொல்லவில்லை. அது இரண்டு வருடம் கழித்து வரும் ஆட்சியைச் சொல்லும் என்று எந்த நம்பிக்கையில் பேசுகிறோம்?

அமெரிக்காவில் பிள்ளைகள் இருக்கும் வீடுகளில் இடைக்காலத் தேர்தல் பற்றியும் இதே பேச்சு. 1994-ல் கிளிண்டன் கட்சி நாடாளுமன்றத்தின் இரு அவைகளையும் இழந்தது; 1996-ல் அவரே மீண்டும் அதிபர். 2010-ல் ஒபாமா கட்சி கீழவையை இழந்தது. 2012-ல் அவரே மீண்டும் அதிபர். அங்கேயும் வேலை செய்யவில்லை.

மற்ற நம்பிக்கைகளை வேகமாக முடித்துவிடுகிறேன். டெபாசிட் போனால் கட்சி செத்தது என்பதற்கு மேலே இரண்டு பிணம் எழுந்து நடந்ததைப் பார்த்துவிட்டீர்கள்; செல்லும் வாக்கில் ஆறில் ஒரு பங்கு கிடைக்கவில்லை என்பதற்கு மேல் அதற்குப் பொருளில்லை. படுதோல்வி அடைந்தால் மீள முடியாது என்பார்கள்: 1991-ல் தி.மு.க.வுக்கு 2 இடம், 1996-ல் ஆட்சி; 1996-ல் அ.தி.மு.க.வுக்கு 4 இடம், 2001-ல் ஆட்சி. வாக்குப்பதிவு கூடினால்தான் ஆட்சி மாறும் என்பது இன்னொன்று. 2021-ல் பதிவு 2016-ஐ விடக் குறைவு, ஆட்சி மாறியது. நோட்டா முதலிடம் பிடித்தால் மறுதேர்தல் என்று வாட்ஸ்அப்பில் வருவதை நம்பாதீர்கள். 2013-ல் நோட்டா வந்ததிலிருந்து சட்டமன்றத் தேர்தலில் அப்படி விதியே கிடையாது. வேட்பாளர்களில் அதிக வாக்கு பெற்றவர்தான் வென்றவர்.

உள்ளாட்சித் தேர்தலை வைத்துச் சொல்லும் ஜோசியத்தில் மட்டும் கொஞ்சம் நிற்க வேண்டும். “நாங்கள் இத்தனை ஊராட்சித் தலைவர்களைப் பிடித்தோம்” என்று கட்சிக்காரர் சொன்னால், எந்தச் சின்னத்தில் என்று கேளுங்கள். ஊராட்சித் தலைவருக்கும் ஊராட்சி வார்டு உறுப்பினருக்கும் கட்சிச் சின்னமே கிடையாது. ஒன்றியக் குழு உறுப்பினருக்கும் மாவட்ட ஊராட்சி உறுப்பினருக்கும்தான் உண்டு. கிராமத்து வாக்காளர் கையில் கொடுப்பது நிறம் நிறமாக நான்கு சீட்டு, தலைவருக்கு இளஞ்சிவப்பு. அந்த இளஞ்சிவப்புச் சீட்டில் சித்தப்பாவும் பங்காளியும் குளத்தைத் தூர்வாரியவரும் நிற்கிறார்கள். அதில் கோட்டையின் எதிர்காலத்தைத் தேடுவது அந்த ஊரை அவமதிப்பது.

எனக்கு உண்மையில் எரிவது இங்கேதான். உள்ளாட்சித் தேர்தலைச் சட்டமன்றத்துக்கு ஒத்திகை என்று நினைத்து நினைத்து, ஒத்திகை தள்ளிப்போனால் பரவாயில்லை என்ற இடத்துக்கு வந்துவிட்டோம். ஐந்தாண்டுக்கு ஒருமுறை என்று அரசியலமைப்பே சொல்கிறது. தமிழ்நாட்டு உள்ளாட்சிகளின் பதவிக்காலம் 2016 அக்டோபரில் முடிந்தது. அறிவித்திருந்த தேர்தலை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. தனி அலுவலர்கள் வந்து உட்கார்ந்தார்கள். 2019 டிசம்பரில் மற்ற மாவட்டங்களின் ஊராட்சிகளுக்குத் தேர்தல் வந்தபோது, பிரிக்கப்பட்ட ஒன்பது மாவட்டங்களில் ஒன்று என்பதால் நமக்கு வரவில்லை. செங்கல்பட்டு தனி மாவட்டமாகி அப்போதுதான் ஒரு மாதம் ஆகியிருந்தது. நம் ஊராட்சிகளுக்குத் தேர்தல் நடந்தது 2021 அக்டோபர் 6, 9 தேதிகளில். நகர்ப்புறத்துக்கு 2022 பிப்ரவரி 19.

முழுதாக ஐந்து வருடம். வர்தா புயல் இந்தக் கரையின் மரங்களைச் சாய்த்துப்போட்ட 2016 டிசம்பரில் நம் கிராமங்களில் தேர்ந்தெடுக்கப்பட்ட தலைவர் இல்லை. சென்னையின் ஏரிகள் வறண்டு, தண்ணீர் லாரிகள் நம் பக்கத்துக் கிணறுகளைத் தேடி வந்த 2019 கோடையிலும் இல்லை. அந்த ஐந்து வருடத்தில் எத்தனை இடைத்தேர்தலைப் பற்றிப் பேருந்தில் பேசினோம்! நம் ஊராட்சிக்குத் தேர்தல் எப்போது என்று ஒருவர்கூடத் திரும்பிப் பார்த்துக் கேட்டதாக எனக்கு நினைவில்லை. அடுத்த முறை யாராவது இடைத்தேர்தல் முடிவோடு திரும்பினால், அதை அவரிடம் கேளுங்கள்: உங்கள் ஊராட்சியின் பதவிக்காலம் எந்தத் தேதியில் முடிகிறது?

2016 நவம்பரில் பதினெட்டு வயதான ஒரு பெண், ஓட்டுரிமை வந்த பிறகு மக்களவைக்கு ஒருமுறை போட்டாள், சட்டமன்றத்துக்கு ஒருமுறை போட்டாள். திருப்போரூர்க்காரி என்றால் இடைத்தேர்தலிலும் போட்டாள். தன் தெருக் குழாயில் தண்ணீர் விடுகிற தலைவருக்கு அந்த இளஞ்சிவப்புச் சீட்டில் முத்திரை குத்த அவளுக்கு வாய்ப்புக் கிடைத்தபோது, இருபத்து மூன்று வயது நெருங்கியிருந்தது.