காத்திருக்கும் படக்கருவி

நுழையும்முன்

கதைப்படத்தில் ஒரு காட்சி நிறைவளிக்காவிட்டால் மீண்டும் நடிக்கச் செய்யலாம். ஆவணப்படத்தில் அதற்கு இடமில்லை. வாழ்க்கை தன் போக்கில் நிகழும்வரை காத்திருப்பதே அக்கலையின் முதல் பாடம். நீலகிரிக் காட்டில் அவ்வாறு காத்திருந்தவர் கார்த்திகி கொன்சால்வ்ஸ்.

ரகுவைக் கண்ட நாள்

உதகமண்டலத்தில் வளர்ந்த கார்த்திகி, ஒளிப்படக்கலை பயின்று, இயற்கை சார்ந்த தொலைக்காட்சிகளில் ஒளிப்பதிவுப் பணியாற்றினார். 2017ஆம் ஆண்டு, பெங்களூரிலிருந்து உதகைக்குச் செல்லும் வழியில், யானைக்கன்று ஒன்றுடன் நடந்துசென்ற மனிதரைக் கண்டார். அவர் காட்டுநாயக்கர் பழங்குடியைச் சேர்ந்த பொம்மன். கன்றின் பெயர் ரகு. வறட்சிக் காலத்தில் இரைதேடி ஊர்ப்புறம் வந்த அதன் தாய், மின்சாரம் தாக்கி இறந்துபோனது. காயங்களோடு மீட்கப்பட்ட கன்றை முதுமலை தெப்பக்காடு முகாமில் பொம்மனும் பெள்ளியும் பிள்ளையெனப் பேணினர்.

450 மணி நேரம்

அந்த உறவையே கார்த்திகி படமாக்கினார். யானையை ஏவி நடிக்கவைக்க இயலாது. பழங்குடியினரின் நம்பிக்கையையும் ஒரே நாளில் பெற்றுவிட முடியாது. ஏறத்தாழ ஐந்தாண்டு உழைப்பில் 450 மணி நேரக் காட்சிகள் சேர்ந்தன. அவற்றிலிருந்து உருவான படம் ஏறத்தாழ 40 நிமிடமே ஓடுகிறது. திரையில் தோன்றும் ஒவ்வொரு நிமிடத்திற்கும் பின்னால் பதினொரு மணி நேரப் பதிவு இருக்கிறது.

வளர்ந்த ரகு வேறொருவரின் பொறுப்பில் ஒப்படைக்கப்பட்டபோது அவ்விருவரும் உற்ற துயரையும் படம் காட்டுகிறது. ஆயினும் அத்துயரைப் பெரிதாக்கிக் காட்ட முயலவில்லை. அந்த அடக்கமே பார்வையாளரை உருக்குகிறது.

விருதுக்குப் பின்

குனீத் மோங்கா தயாரித்த 'தி எலிபென்ட் விஸ்பரர்ஸ்' 2022இல் வெளிவந்தது. 2023 மார்ச்சில், 95ஆவது ஆஸ்கர் விழாவில் சிறந்த ஆவணக் குறும்பட விருதைப் பெற்றது. தமிழக அரசு, யானை முகாம்களின் பணியாளர்கள் 91 பேருக்குத் தலா ஒரு இலட்சம் ரூபாய் அறிவித்தது. அதே ஆண்டு பெள்ளி, முகாமின் யானைப் பராமரிப்பாளராக அரசால் நியமிக்கப்பட்டார்.

படம் எடுத்தவரின் புகழோடு ஆவணப்படத்தின் பயன் முடிந்துவிடுவதில்லை. படத்தில் இடம்பெற்றோரின் உழைப்பு உலகின் கண்ணில் படுவதும், அவர்தம் வாழ்வு மேம்படுவதுமே அதன் நிறைவு.

சிந்தனை வினா

ஆவணப்படக் கலைஞர், தம் படத்தில் இடம்பெறும் மக்களுக்கு ஆற்றவேண்டிய கடமைகள் யாவை?