வின்சாக் என்னும் பொதுக் கோப்பு

கணினியில் உலாவி ஒரு நிரல்; மின்னஞ்சல் மற்றொரு நிரல். எனினும் இணையத்தை அடையும் வழியை ஒவ்வொரு நிரலும் தானே அமைத்துக்கொள்வதில்லை. அப்பணிக்கெனப் பொதுவான கோப்பு ஒன்று உண்டு. ஊர்க்கிணற்றில் யாவரும் நீர் எடுப்பதுபோல, நிரல்கள் அனைத்தும் அதனையே பயன்படுத்துகின்றன. இத்தகைய கோப்பை நூலகக் கோப்பு என்பர்.

1992இல் வெளிவந்த விண்டோஸ் 3.1இல் இணையத்திற்கான கோப்பு இல்லை. நிறுவனங்கள் பல தத்தம் போக்கில் இணைப்பு மென்பொருள்களை ஆக்கின. ஒன்றிற்கென எழுதிய நிரல் மற்றொன்றுடன் பொருந்தவில்லை. 1993இல் 'விண்டோஸ் சாக்கெட்ஸ் 1.1' என்னும் பொதுவிதிமுறை வெளியாயிற்று. அதன்பின், யார் ஆக்கினாலும் கோப்பின் பெயர் 'வின்சாக்' என்பதே. அதனை அழைக்கும் முறையும் ஒன்றே. ஆக்கியவர் யாரென்று நிரல் அறிய வேண்டுவதில்லை!

ஆஸ்திரேலியாவின் தாஸ்மேனியாவில் வாழ்ந்த பீட்டர் டாட்டம் என்பவர் 'டிரம்பெட் வின்சாக்' என்பதை ஆக்கினார். முதலில் பயன்படுத்திப் பார்க்க இயன்றது. தொடர்ந்து பயன்படுத்துவோர் 25 டாலர் அனுப்ப வேண்டியிருந்தது. அதனைப் படியெடுத்து உலகெங்கும் இலட்சக்கணக்கானோர் இணையத்தில் நுழைந்தனர். ஆனால் பணம் அனுப்பாதோரே மிகப் பலர். விண்டோஸ் 95 தனக்கென வின்சாக் கோப்பைக் கொண்டு வந்ததும், டாட்டத்தின் மென்பொருளுக்குத் தேவை குறைந்தது.

2011இல் பழைய பயனர் சிலர் இச்செய்தியை அறிந்து அவருக்குப் பணம் அனுப்பினர்.

பயிற்சி
1. பொதுவிதிமுறைக்கு முன் இருந்த இடர்ப்பாடு யாது?
2. பணம் அனுப்பாதோர் செய்தது திருட்டாகுமா? உம் கருத்தை ஐந்து வரிகளில் எழுதுக.